தறிச் சத்தத்தில் எடுத்த ட்ரெயினிங்

எங்கள் தாளாளரை நினைத்தால் எனக்கு இன்றும் வயிறு எரிகிறது. செத்த மனிதரை ஏசாதே என்று தங்கை கண்டிக்கிறாள். ஏசத்தான் போகிறேன்.

குமாரபாளையத்தில் அவருக்கு விசைத்தறிப் பட்டறை இருந்தது. எண்பதுகளின் தொடக்கத்தில் அதன் மாடியில் பெஞ்சு போட்டு ஆசிரியர் பயிற்சிப் பள்ளி ஆக்கினார். வாசலில் போர்டு. 'அரசு அங்கீகாரம்' என்பது முழ நீளம் இருக்கும். 'கோரி விண்ணப்பிக்கப்பட்டுள்ளது' என்பது அதன் அடியில் எறும்பு ஊர்ந்த மாதிரி. அப்பா பஸ்ஸிலிருந்து பெரிய எழுத்தைப் படித்தார். கிணற்று மோட்டாருக்கு வைத்திருந்த பணத்தை நன்கொடையாகக் கொண்டுபோய்க் கட்டினார். மகள் அரசாங்க வாத்தியாரம்மா ஆகிவிட்டால் அப்புறம் எதற்கு மழையை அண்ணாந்து பார்க்க வேண்டும் என்பது அவர் கணக்கு.

கீழே தறி ஓடினால் மேலே பாடம் கேட்காது. குழந்தைகளிடம் மென்மையாகப் பேசுவது எப்படி என்பதைக்கூட கத்திக் கத்தித்தான் படித்தோம்.

அங்கீகார ஆய்வுக்கு அதிகாரிகள் வந்தபோது, கரண்ட் நிறுத்தும் நேரமாகப் பார்த்து வரவழைத்தார். பட்டறைக் கதவைச் சாத்திவிட்டு, தறி ஓட்டி ரொம்ப நாளாயிற்று என்றார். தறிக்காரர்கள் உள்ளே மூச்சுக் காட்டாமல் உட்கார்ந்திருந்தார்கள். அதிகாரி டீ குடிக்கும்போது பார்த்துக் கரண்ட் வந்துவிட்டது. தறிக்காரர்களுக்கு நெய்த துணிக்குத்தான் கூலி. கரண்ட் வந்த பிறகு சும்மா உட்கார அவர்களுக்கென்ன கிறுக்கா? அத்தனை தறியும் ஒன்றாக ஓடின. டீ டம்ளர் மேஜையில் நகர்ந்தது. அங்கீகாரம் அதோடு போயிற்று.

தாளாளர் அசரவில்லை. மெட்ராஸில் அரசாங்கத்தின் மேல் வழக்குப் போட்டார், அதுவும் எங்கள் பெயரில். ஏழைப் பெண்கள் என்றால் கோர்ட் இளகுமாம். பரீட்சை எழுதலாம், தீர்ப்பு வரும்வரை ரிசல்ட் கிடையாது என்று இடைக்கால உத்தரவு வந்தது. எழுதினோம். வருஷங்கள் ஓடின. பெண் பார்க்க வந்தவர்களெல்லாம் கேஸ் முடியட்டும் என்று காபியைக் குடித்துவிட்டுப் போனார்கள். கடைசியில் தீர்ப்பு வந்தது. அங்கீகாரம் இல்லையென்று தெரிந்தே சேர்ந்தவர்களுக்கு இரக்கம் காட்ட முடியாதாம். தெரிந்தேவாம். அந்த போர்டை பஸ்ஸில் போகும்போது படித்துப் பார்க்கச் சொல்ல வேண்டும் அந்த நீதிபதிகளை.

அடுத்த ஜூனில் அதே மாடியில் இங்கிலீஷ் மீடியம் நர்சரிப் பள்ளி திறந்தார். வீட்டில் கடன் கழுத்தை நெரித்தது. வேறு வழியில்லாமல் அங்கேயே வேலை கேட்டுப் போனேன். முன்பின் பார்த்திராதவர் மாதிரி உட்காரச் சொன்னார்.

"ட்ரெயினிங் எங்கீங்க அம்மிணி எடுத்தீங்க?"

"இங்கதானுங்க. உங்ககிட்டத்தான்."

அவர் கூசவே இல்லை. "அது செல்லாதுங்களே. ட்ரெயினிங் இல்லாதவங்களுக்கு உண்டான சம்பளந்தான் குடுக்க முடியும்" என்றார்.

அங்கேயே காறித் துப்பியிருக்க வேண்டும். தலையாட்டிவிட்டு வகுப்புக்குப் போனேன். கீழே தறி ஓடிக்கொண்டிருந்தது. என்னோடு சேர்ந்த புது டீச்சர்கள் தொண்டை கட்டிப்போய் ஒவ்வொருவராக நின்றுவிட்டார்கள். எனக்குக் கட்டவில்லை. ஒருநாள் மாடிப்படியில் நின்று என் பாடத்தைக் கேட்ட தாளாளர், இறங்கும்போது சிரித்துக்கொண்டே சொன்னார்:

"பரவால்லீங்க அம்மிணி. நல்ல ட்ரெயினிங்."