சங்கிலிப்பாண்டிக்கு வெளுக்காத நீலம்

பென்டிரைவைச் சொருகுவதற்கு முன் அதன் வாயில் மூன்று முறை ஊதுகிறார் சங்கிலிப்பாண்டி. மூன்றாவது ஊதலில் கொஞ்சம் எச்சிலும் போகிறது. "தூசி இருந்தா டில்லு எறங்காது." ஒரு மென்பொருள் ஓடத் துணைநிற்கும் சின்னக் கோப்பை மற்றவர்கள் டி.எல்.எல். என்று எழுத்தெழுத்தாகச் சொல்வார்கள். இவர் வாயில் அது டில்லு. ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டுக்கு எதிர்ச் சந்திலுள்ள இவர் கம்ப்யூட்டர் கடையில் எல்லா நோய்க்கும் அது ஒன்றே மருந்து. பிரிண்டர் தாளை இழுக்கவில்லையா, டில்லு. திரை கறுத்துவிட்டதா, டில்லு. ஒருநாள் கரண்ட் போனபோதுகூட இவர் கை பென்டிரைவைத்தான் தேடியது.

இவருடைய பெருமை 3டி. திரையில் படத்தை ஆழத்தோடு காட்டும் டில்லுகளை ஒன்பது வருடமாகச் சேர்க்கிறார். '3டி புதுசு', '3டி ரொம்பப் புதுசு', '3டி இதுதான்', '3டி சத்தியமா இதுதான்' என்று ஃபோல்டர்கள். திறந்தால் எல்லாவற்றிலும் ஒரே கோப்பு.

போட்டு முடித்ததும் சோதனை. இடக் கண்ணுக்குச் சிவப்பும் வலக் கண்ணுக்கு நீலமும் ஒட்டிய அட்டைக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, திரையை மோந்து பார்ப்பதுபோல் நெருங்குவார். உதடு பிதுங்கும். "நீலம் போகலியே. நீலம் வெளுத்தாத்தான் 3டி." "எனக்குப் படம் முன்னால வந்து நிக்குதே" என்று சொல்லும் வாடிக்கையாளருக்கும் பதில் உண்டு: "அது ஒங்க நெனப்பு."

போன வாரம் என் மடிக்கணினிக்காகக் காத்திருந்தபோது, ராஜபாளையத்திலிருந்து பஸ் ஏறி, தன் மடிக்கணினியோடு கேத்ரின் டீச்சர் வந்தார். அவருடைய மாணவிகள் இரண்டு செல்போன்களைச் சேர்த்துக் கட்டி, பிளவக்கல் அணையை 3டியில் படம் பிடித்திருந்தார்கள். "நாளைக்குக் காலைல கண்காட்சிண்ணே. படம் அம்புட்டும் இதுல மட்டுந்தான் இருக்கு. தொறந்தா ஏதோ பைலக் காணோங்குது."

ஊதினார், சொருகினார். படம் திறந்தது. கண்ணாடி மாட்டிய டீச்சர் சட்டென்று தலையைப் பின்னுக்கு இழுத்தார். "ஐயோ, மதகு மூக்குல இடிக்கிது!" நானும் வாங்கிப் பார்த்தேன். மதகு முன்னால் வந்து நின்றது. மலை தன் பாட்டுக்குத் தூரத்தில் கிடந்தது.

சங்கிலிப்பாண்டி பார்த்தார். உதடு பிதுங்கியது. "தட்டையா, நீலமா கெடக்கு டீச்சர். எல்லாத்தையும் அழிச்சிட்டு மொதல்லருந்து போட்டாத்தான் சரிவரும்."

"அழிச்சா படம் போயிருமேண்ணே! எனக்குத்தான் நல்லாத் தெரியுதே."

பக்கத்து ஜெராக்ஸ் கடை ஆண்டிச்சாமி தலையை நீட்டினார். "ஏலே டில்லு, அவியளே தெரியுதுங்காவ. ஒனக்கு என்னலே வந்துச்சு?"

"பாக்கறவனுக்குத் தெரிஞ்சா போதுமா? தொழில்காரன் கண்ணுக்குத் தெரியணும்லா" என்றபடி அழிப்பதற்கான பொத்தானை நோக்கி விரலைக் கொண்டுபோனார்.

டீச்சர் விசைப்பலகையை உள்ளங்கையால் மூடினார். "செத்த நேரம் பொறுங்க. கண்ணாடியக் கழட்டிட்டு வலது கண்ணப் பொத்துங்கண்ணே. அந்தக் காலண்டர்ல தேதி என்ன?"

அவர் பொத்தினார். சுவரைத் துழாவினார்.

"எந்தக் காலண்டர்?"

ஆண்டிச்சாமி சிரிக்கத் திறந்த வாயை அப்படியே மூடிக்கொண்டார்.

"ஒங்களுக்கு இடது கண்ணுல பார்வ கம்மிண்ணே. அதான் வலது கண்ணு நீலம் மட்டும் தெரியுது. ரெண்டு கண்ணும் சேந்து பாத்தாத்தான் 3டி தெரியும். ஒங்க டில்லு சரியாத்தான் இருக்கு."

அவர் கையை இறக்கினார். ஒன்பது வருட டில்லுகளும் வரிசையாகக் கிடந்த பென்டிரைவைப் பார்க்கவில்லை, திரையைத்தான் பார்த்தார். ஒரு விரலை நீட்டி மதகைத் தொட்டார்.

"எது வரைக்கும் வருது டீச்சர்? இங்கனயா?"

"இன்னும் முன்னாலண்ணே."

விரல் கண்ணாடித் திரையை விட்டு மெல்லப் பின்வாங்கியது.

"இன்னும்."

ஒரு சாண் தள்ளி, வெறும் காற்றில், மதகு இருந்த இடத்தில் நின்றது.