பார்த்ததை மட்டும் சொன்ன அண்ணன்

குலதெய்வத்தைக் கும்பிட்டு, போன வருடம் எங்களை விட்டுப் பிரிந்த அண்ணனைப் பற்றி உடன்பிறந்த தங்கை எழுதுகிறேன். நான் எட்டாவது வரைதான் படித்தேன். பிழை இருந்தால் பெரியவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அண்ணன் பிறந்தது கூடலூரில். அம்மா சீக்கிரமே போய்விட்டதால் அப்பாதான் எங்களை வளர்த்தார். பக்கத்து ஊரான கம்பத்தில் ஒரு போட்டோ ஸ்டுடியோவில் வேலை பழகிய அண்ணன், சென்னைக்குப் போய் டாக்குமெண்டரி கேமராமேன் ஆனார். கல்வெட்டு படிக்கிறவர், கணக்கில் ஆராய்ச்சி செய்கிறவர், தத்துவப் பேராசிரியர் என்று அறிவாளிகளையே தேடிப் போய் எடுத்தார். கேள்வி கேட்டதும் அவர்கள் கொஞ்சம் பேசாமல் இருப்பார்களாம். அந்த நேரத்தில் கேமராவை அசைக்கவே மாட்டாராம். "நெனப்பு ஓடுறது முகத்துல தெரியும், ஆத்தா" என்று என்னிடம் சொல்வார்.

ஊருக்கு வந்தால் பெரியப்பா விடமாட்டார்.

"ஏலே, ஒன் படத்துல சண்டை உண்டா?"

"இல்ல பெரியப்பா. ஒரு பெரியவரு பேசுவாரு."

"பேசி முடிச்சு?"

"யோசிப்பாரு."

"வெளங்கிரும்!"

என்னை அத்தை மகனுக்குக் கட்டிக் கொடுத்தபோது, "நம்ம வீட்டுலயே கேமராக்காரன் இருக்கான், வெளியாள் எதுக்கு?" என்று அப்பா போட்டோக்காரரை வேண்டாம் என்றுவிட்டார். கெட்டிமேளம் கொட்டும்போது அண்ணன் எடுத்துக்கொண்டிருந்தது அப்பாவின் முகத்தை. தாலி ஏறியது கேசட்டில் இல்லை.

"இன்னொருக்காக் கட்டச் சொல்றேன், எடுடா" என்று அத்தை சத்தம் போட்டார்.

"நடந்தது ஒரு தடவைதான் அத்தை. நடிக்க வச்சு எடுக்க மாட்டேன்."

சில வருடத்தில் என் வீட்டுக்காரர் குமுளியில் வேறொரு பெண்ணோடு குடித்தனம் வைத்தார். நான் ஜீவனாம்சம் கேட்டுக் கோர்ட்டுக்குப் போனேன். என்னைக் கட்டவே இல்லை என்று அவர் சொல்லிவிட்டார். அதற்குள் அப்பாவும் இல்லை, தாலி எடுத்துக் கொடுத்த ஐயரும் இல்லை. இரண்டு பக்கமும் ஒரே சொந்தம். "எங்களுக்கு ரெண்டு வீடும் வேணும்" என்று பந்தலில் சாப்பிட்டவர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். சாட்சிக்கு வந்தது அண்ணன் ஒருவர்தான்.

"தாலி கட்டுனத உங்க கண்ணால பாத்தீங்களா?" என்று அந்தப் பக்கத்து வக்கீல் கேட்டார்.

அண்ணன் வெகுநேரம் பேசவில்லை. பிறகு, "இல்லைங்க. நான் கேமராவுல எங்கப்பா முகத்தப் பாத்துக்கிட்டிருந்தேன்" என்றார்.

வழக்கு தள்ளுபடியானது. கோர்ட் வாசலிலேயே கேட்டுவிட்டேன்.

"பாத்தேன்னு ஒரு வார்த்தை சொன்னா சாமி கண்ணக் குத்திருமாண்ணே?"

"பாக்காததப் பாத்தேன்னு சொல்ல வாய் வரல, ஆத்தா."

"அப்ப என் கழுத்துல கெடக்குறது என்ன?"



அதற்குப் பிறகு அண்ணன் சென்னைக்குப் போகவில்லை. என்னோடே இருந்துவிட்டார். கல்யாண வீடுகளில், "அவன் தாலிய விட்டுட்டு மூஞ்சிய எடுப்பான்" என்று சொல்லி யாரும் கூப்பிடவில்லை. நான் ஏலக்காய்த் தோட்டத்துக்குக் கூலிக்குப் போகும்போது ஜீப் நிற்கும் இடம்வரை என் தூக்குச்சட்டியைக் கொண்டுவந்து கொடுப்பார். அப்புறம் பக்கவாதம் வந்து பேச்சு நின்றது. பார்க்க வந்த பெரியப்பா கட்டில் ஓரத்தில் நின்றே சொன்னார்: "இந்த வாய் அன்னைக்கே அடைச்சிருந்தா நீ பொழச்சிருப்ப, ஆத்தா." அண்ணனுக்குக் காது நன்றாகவே கேட்டது. அவர் கண்ணை நான்தான் துடைத்துவிட்டேன்.

அந்த மாதமே மாரியம்மன் அவரை அழைத்துக்கொண்டாள்.

பாடை கட்டியவர்களுக்கும், தோள் கொடுத்தவர்களுக்கும், வந்தவர்களுக்குக் காப்பித்தண்ணி போட்டுக் கொடுத்த பக்கத்து வீட்டு அக்காவுக்கும் நன்றி. சாட்சிக்கு வர முடியாத சொந்தங்கள் சாவுக்கு ஒருவர் பாக்கியில்லாமல் வந்தீர்கள். என் வீட்டுக்காரரும் கோடி வேட்டி, மாலையோடு வந்தார். "தங்கச்சி புருசன் மொறை செய்ய வந்திருக்காக, வெலகுங்க" என்று பெரியப்பா கூட்டத்தை ஒதுக்கினார். நீங்கள் எல்லாரும் விலகி வழிவிட்டீர்கள். அவர் மாலை போட்டதை எல்லாரும் கண்ணால் பார்த்தீர்கள். உங்களுக்கும் நன்றி.

அண்ணன் கையில் கேமரா இருந்திருந்தால் அந்த மாலையை எடுத்திருக்க மாட்டார். உங்கள் முகங்களைத்தான் எடுத்திருப்பார்.