மஞ்சப்பையில் அத்தையின் பின்னல்

எங்கள் வீட்டில் சோற்றைக் கண்டு பயந்த ஒரே ஆள் அத்தைதான். தன்னைவிடக் கனமான இரும்பைத் தலைக்கு மேலே தூக்கி நிறுத்துகிறவள், ஒரு கரண்டி அரிசிம்பருப்புச் சோற்றைப் பார்த்தால் தட்டைத் தள்ளி வைத்துவிடுவாள். போட்டி நெருங்க நெருங்க அந்தப் பயம் கூடும். நான் அப்படியே தலைகீழ். சோற்றைத் தவிர மற்ற எல்லாமே எனக்குப் பயம். ஆலைச் சங்குக்குப் பயம், பல்லிக்குப் பயம், கணக்கு டீச்சருக்குப் பயம். இவை எல்லாவற்றுக்கும் மேலே அப்பா.

அப்பா அடிக்கிறவர் இல்லை, திட்டுகிறவரும் இல்லை. கோபம் வந்தால் பேச்சை நிறுத்திவிடுவார், அவ்வளவுதான். அது நாள்கணக்கில் நீளும். அவர் செருப்பைக் கழற்றும் சத்தத்தை வைத்தே இன்று பேசுவாரா மாட்டாரா என்று கண்டுபிடிக்க நான் பழகியிருந்தேன்.

பீளமேட்டில் மோட்டார் பம்பு செய்யும் பட்டறையில் அவருக்கு வேலை. தாய் தகப்பன் போன பிறகு தங்கையை வளர்த்து ஆளாக்கியவர் அவர்தான். கல்லூரியில் சேர்ந்த கையோடு அத்தை பளு தூக்க ஆரம்பித்ததும் சொந்தக்காரர்கள் ஒவ்வொருவராக வந்து, "பொம்பளப் புள்ளைக்கு வயித்துல என்னமாச்சும் ஆயிப்போச்சுன்னா எவனுங்க கட்டுவான்?" என்று துக்கம் விசாரிப்பதுபோலக் கேட்டுவிட்டுப் போனார்கள்.  அப்பா ஒரு நாள் பட்டறையில் வார்த்த இரும்புத் தட்டுகளைச் சைக்கிளில் கட்டிக் கொண்டுவந்து, வீட்டுக்குப் பின்னால் பொடக்காளியில் இறக்கி வைத்தார். அதுதான் அவருடைய சம்மதம். ஒரே ஒரு நிபந்தனை மட்டும் போட்டார்.

"எத்தன வேணாலும் தூக்கட்டும். முடியும் மொகமும் அப்படியே இருக்கோணும்."

அத்தையின் முடி முட்டியைத் தொடும். வெள்ளிக்கிழமைதோறும் அம்மாதான் எண்ணெய் தேய்த்துச் சீயக்காய் போட்டு அலசிவிடுவாள். அந்த வருடம் தொண்டாமுத்தூரில் தென்னந்தோப்பு வைத்திருந்த ஒரு குடும்பத்திலிருந்து பெண் பார்க்க வருவதாக இருந்தது. தரகர் அத்தையைப் பார்த்துவிட்டு, "தோளு கொஞ்சம் பெருசா இருந்தாலும் முடி லட்சணமா இருக்குதுங்க, அதச் சொல்லியே முடிச்சுப்போடலாம்" என்று தெம்பாகச் சொல்லியிருந்தார். எனக்குத் தெரிந்து அந்தச் சம்பந்தமே பின்னலில்தான் தொங்கிக்கொண்டிருந்தது.

அவர்கள் வருவதற்கு முந்தின வாரம் கோபிசெட்டிபாளையத்தில் மாநில அணிக்கான தேர்வு. அதில் ஜெயித்தால் வடக்கே தேசியப் போட்டி, அங்கே மெடல் வாங்கினால் சர்க்கார் வேலை. "வேல கெடச்சுதுன்னா, இரும்ப உடுன்னு எந்த மாப்பிள்ளையும் சொல்ல முடியாதுங்க நங்கை" என்று அத்தை அம்மாவிடம் சொல்வதைக் கேட்டிருக்கிறேன். அண்ணன் மனைவியை எங்கள் பக்கம் நங்கை என்றுதான் கூப்பிடுவார்கள். தனியாக அனுப்ப முடியாது என்று அப்பா அம்மாவையும் என்னையும் துணைக்கு அனுப்பினார். எனக்கே துணை தேவைப்பட்ட காலம் அது.

பஸ்ஸில் அத்தை ஒரு டம்ளரை மடியில் வைத்துக்கொண்டு எச்சிலைத் துப்பிக்கொண்டே வந்தாள். முந்தின நாள் மத்தியானத்திலிருந்து பச்சைத் தண்ணீர்கூடக் குடித்திருக்கவில்லை. உதடு வெடித்திருந்தது. அத்தை செத்துப்போவாளா என்று அம்மாவின் காதில் கேட்டேன். அம்மா என் தொடையில் கிள்ளினாள். கோபியில் இறங்கியதும் கொளுத்துகிற வெயிலில் கம்பளி ஸ்வெட்டரை மாட்டிக்கொண்டு பள்ளிக்கூட மைதானத்தைச் சுற்றிச் சுற்றி ஓடினாள். வேடிக்கை பார்த்த பெண்கள், புத்தி சரியில்லாத பிள்ளையோ என்று அம்மாவைப் பரிதாபமாகப் பார்த்தார்கள்.

இத்தனையும் எடை பார்ப்பதற்காக. அத்தை எந்த எடைப் பிரிவில் போட்டியிடுகிறாளோ, அந்த எல்லையை அவளுடைய உடம்பு தாண்டக் கூடாது. தாண்டினால் மேடைப் பக்கமே போக முடியாது. கதவைச் சாத்திய ஒரு வகுப்பறையில் தராசு இருந்தது. அத்தை ஏறி நின்றாள். முள் எல்லையைத் தாண்டி ஒரு மயிரிழை தள்ளி நின்றது. இறங்கினாள், மறுபடி டம்ளரில் துப்பினாள், ஏறினாள். முள் அசையவில்லை.

"நேரம் முடியப்போகுதுங்க" என்றார் எடை பார்த்த அம்மாள். அவருக்கும் வருத்தம்தான், ஆனால் தராசுக்கு வருத்தம் கிடையாதே.

அத்தை அம்மாவைப் பார்த்தாள்.  பின்னலை எடுத்து முன்னால் போட்டுக்கொண்டாள். அம்மாவின் முகம் வெளுத்துவிட்டது. எனக்கு முதலில் ஒன்றும் புரியவில்லை. மேசை மேல் இருந்த முதலுதவிப் பெட்டியிலிருந்து கட்டுத்துணி வெட்டும் கத்தரிக்கோலை அம்மா எடுத்தபோதுதான் புரிந்தது.

"வேண்டாமுங்கம்மா! அப்பா பேச மாட்டாரு!" என்று கத்தினேன்.

"அழுகாத கண்ணு" என்றாள் அத்தை. அவளும் அழுதுகொண்டுதான் இருந்தாள்.

சின்னக் கத்தரிக்கோல், கனத்த பின்னல். பிடரிக்குப் பக்கத்தில் வைத்து அம்மா நறுக்கி நறுக்கி வெட்டினாள். வாரம் தவறாமல் எண்ணெய் வைத்த கை. விழுந்ததை மஞ்சப்பையில் போட்டு என் கையில் கொடுத்தாள். பை வெதுவெதுவென்று இருந்தது. கீழே போடவும் பயம், வைத்திருக்கவும் பயம். அத்தை தராசில் ஏறினாள். முள் எல்லையில் வந்து நின்றது.

மேடையில் அத்தை முதல் முறை தூக்கியபோது கம்பி பின்னால் சரிந்து தடாலென்று விழுந்தது. அடுத்த முறையும் அப்படித்தான். நான் கண்ணை மூடிக்கொண்டேன். முடியும் போய், போட்டியும் போய், எந்த முகத்தோடு அப்பா முன்னால் போய் நிற்பது? அத்தைக்கு அன்று மிச்சமிருந்தது ஒரே ஒரு வாய்ப்பு. கூட்டம் அடங்கியது. அம்மாவின் நகம் என் தோளில் பதிந்தது. பிறகு கை தட்டும் சத்தம் கேட்டுக் கண்ணைத் திறந்தேன். குட்டை முடி நெற்றியில் ஒட்டியிருக்க, இரும்பைத் தலைக்கு மேலே பிடித்தபடி அத்தை ஆடாமல் அசையாமல் நின்றாள். அணிக்குத் தேர்வாகிவிட்டாள்.

திரும்பி வரும் பஸ்ஸில் சந்தோஷப்பட ஆளில்லை. அவிநாசி தாண்டியதும், "அண்ணன் பேசாமப் போயிருவாருங்க நங்கை. வடக்க அனுப்பவும் மாட்டாரு" என்றாள் அத்தை. முந்தானையைத் தலைமேல் இழுத்துவிட்டுக்கொண்டாள்.

அப்பா வாசலில் நின்றிருந்தார். முந்தானை நழுவியது. அவர் பார்த்தார். தெருவில் ஒரு சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனது.

"பச்சமல முருகனுக்கு நேந்திருந்தேனுங்க" என்றாள் அம்மா. "அம்மணி ஜெயிச்சா அவ முடியக் குடுக்கறேன்னு. கோபிக்குப் போனதும் போனோம், அப்படியே மலையேறிக் குடுத்துப்போட்டு வந்துட்டமுங்க."

அம்மா பொய் சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. அதுவும் சாமி பேரில்! முருகன் கண்ணைக் குத்துவார் என்று எனக்குச் சொல்லிக் கொடுத்தவளே அவள்தான். கோயிலில் கொடுத்த முடியை யாரும் வீட்டுக்குத் தூக்கி வர மாட்டார்கள். அது என் கையில் மஞ்சப்பையில் இருந்தது.

"பையில என்ன கண்ணு?" என்றார் அப்பா.

நான் பையை முதுகுக்குப் பின்னால் ஒளித்தேன். அவர் பையை வாங்கினார். பட்டறையில் எதையும் கையில் தூக்கியே எடை சொல்கிறவர். பையை இரண்டு தரம் தூக்கிப் பார்த்தார். திறக்கவில்லை. சாமி படத்துக்கு மேலே இருந்த ஆணியில் மாட்டிவிட்டு, "அம்மணிக்குச் சோத்தப் போடு, பசியில வந்திருக்கும்" என்றார். பேசிவிட்டார்! அத்தை விசும்பிக்கொண்டே மூன்று தட்டுச் சோறு சாப்பிட்டாள். அப்பா நம்பிவிட்டார் என்று நான் நினைத்துக்கொண்டேன். ஆனால் ஆணியில் தொங்கிய பை என்னைத் தூங்கவிடவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அப்பா விடியுமுன்பே எங்கோ கிளம்பிப் போனார். சாயங்காலம் வந்தபோது மொட்டைத் தலையில் சந்தனம். சட்டைப் பையில் மஞ்சப்பை காலியாக மடிந்திருந்தது.  அம்மா அடுப்படிக்குள் போய் ரொம்ப நேரம் முகம் கழுவினாள்.

அந்த வாரமே தொண்டாமுத்தூர்க்காரர்கள் வந்தார்கள். "முடி எங்கீங்க?" என்று மாப்பிள்ளையின் அம்மா கேட்டார். அப்பா தன் தலையைத் தடவிக்கொண்டு, "குடும்பத்தோட வேண்டுதலுங்க" என்றார். அவர்கள் காபியைக் குடித்துவிட்டு, ஜாதகத்தை இன்னொரு தரம் பார்க்க வேண்டும் என்று எழுந்து போனார்கள். அத்தை வடக்கே போய் மெடலோடு வந்தாள், வேலையும் கிடைத்தது.

"எதுக்குங்கப்பா மொட்ட?" என்று, மொட்டை போட்ட புதிதில் ஒரு நாள் கேட்டிருந்தேன்.

"உங்கம்மா நேந்துக்கிட்டது கண்ணு."

 பொய் சொன்னது அம்மா, மொட்டை விழுந்தது அப்பாவுக்கு. முருகன் ஆள் தெரியாமல் தண்டித்துவிட்டார், தப்பு தெரிந்தால் திரும்பி வருவார் என்று பயந்து, அப்பா தலையில் முடி முளைக்கும்வரை நான் அம்மாவின் முந்தானையைப் பிடித்தபடியே காவல் இருந்தேன்.