என் கடிதத்தை ஓதிய துருக்கி இமாம்

எனக்கு இருபத்தாறு வயது. இலங்கையில் சண்டைக் காலம். ஒரு வெள்ளிக்கிழமை, கிண்ணியாவில் எங்கள் பள்ளிவாசல் ஒலிபெருக்கியில் என் கணவரின் பெயர் கேட்டது. ஜும்ஆத் தொழுகைக்குப் பிறகு அவருக்காகக் காயிப் ஜனாஸா தொழப்போவதாக அறிவித்தார்கள். தூர தேசத்தில் இறந்தவருக்கு, அவருடைய மய்யித்து, அதாவது உடல், முன்னால் இல்லாமலே தொழுகிற தொழுகை அது. நான் குசினியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தேன். கத்தியைக் கீழே வைத்தேன். அழுகை வரவில்லை, சகோதரிகளே. கோபம்தான் வந்தது. என்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் என் மாப்பிள்ளையை மௌத்தாக்கிவிட்டார்களே!

அவர் பெயர் ஜவாஹிர். கடல்தான் அவருக்குத் தொழில். கடலுக்குப் போகத் தடை வந்து, தடையை மீறிப் போனவர்களில் சிலர் திரும்பி வராமல் போனபோது, தோணியையும் இயந்திரத்தையும் விற்றுவிட்டு ஜெர்மனிக்குப் போனார். அங்கே அகதிகளைத் தங்க வைத்திருந்த ஒரு பழைய கட்டடத்தில் இருந்தார். மாதம் தவறாமல் கடிதம் போடுவார். நோன்புக்கு இரண்டு மாதம் முன்னால், ரஜப் மாதத்தில் கடிதம் நின்றது. பிறகு அதே கட்டடத்தில் இருந்த, எங்கள் பக்கத்து ஊர் மூதூர்க்காரர் ஒருவர் தன் வீட்டுக்குத் தொலைபேசியில் சொன்ன செய்தி எங்கள் பக்கம் வந்தது. கட்டடம் தீப்பிடித்துவிட்டது. யாரோ வெளியிலிருந்து கொளுத்தியதாகக் கதை. மிஞ்சியவர்களை வேறு வேறு ஊர்களுக்குப் பிரித்து அனுப்பிவிட்டார்கள். ஜவாஹிரை அதற்குப் பிறகு ஒருவரும் காணவில்லை.

'காணவில்லை' என்று மூதூருக்கு வந்த செய்தி, கிண்ணியாவுக்கு வரும்போது 'மௌத்து' ஆகியிருந்தது.

அன்று மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு என் கணவரின் மூத்த அண்ணன் ஹனீபா காக்கா வந்தார். கையில் ஒரு வெள்ளைச் சேலை. கதிரையில் உட்காராமல் நின்றபடியே பேசினார்.

"நூருல், இன்டைல இருந்து நீ இத்தா இரிக்கணும். நாலு மாசமும் பத்து நாளும். வெளிய வாசல் போகப்படாது."

"மய்யித்தக் கண்டது யாரு காக்கா?"

"ஊரே கதைக்குது."

"ஊரு கதைக்கிறதுக்கு நான் இத்தா இரிக்க ஏலாது. கண்ட ஒரு ஆளக் கூட்டிட்டு வாங்க. அந்த நிமிஷமே இரிக்கிறன்."

கணவனை இழந்தவள் இத்தா இருக்க வேண்டும் என்ற அல்லாஹ்வின் சட்டத்தை நான் மறுக்கவில்லை. மௌத்து உறுதியானால் யாரும் சொல்லாமலே உட்கார்ந்திருப்பேன். ஆனால் நான் உட்கார்ந்துவிட்டால் அவரைத் தேட இந்த உலகத்தில் வேறு யார் இருக்கிறார்கள்? காக்கா சேலையைக் கதிரையில் போட்டுவிட்டுப் போனார். அதன்பிறகு அவர் வீட்டார் என்னோடு கதைப்பதை நிறுத்திக்கொண்டார்கள்.

அன்று மஃரிப் தொழுத இடத்திலேயே நான் உடைந்துபோனேன். அதுவரை வராத அழுகை எல்லாம் வந்தது. "யா அல்லாஹ், உயிரோ மௌத்தோ, எனக்கு உண்மையைத் தா. உண்மையைத் தாங்குகிற பலத்தையும் தா" என்று கேட்டேன். வேறு எதுவும் கேட்கத் தெரியவில்லை. ஒரு வேளைத் தொழுகையும் விடாமல் அதையே கேட்டேன்.

கேட்டுக்கொண்டிருந்த நாட்களில் ஒரு யோசனை வந்தது. அவர் ஒரு கடிதத்தில், 'இங்கு துருக்கிக்காரரின் பள்ளி ஒன்று இருக்கிறது. மினாராவும் கிடையாது, பாங்கும் வெளியே கேட்காது. ஜும்ஆவுக்கு அங்குதான் போகிறேன்' என்று எழுதியிருந்தார். அந்தப் பள்ளி இமாமுக்குக் கடிதம் எழுதினால் என்ன? எனக்கு இங்கிலீஷ் தெரியாது. இமாமுக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அரபு எழுத்துத் தெரியுமே! எங்கள் பெண்கள் தமிழை அரபு எழுத்தால் எழுதுவார்கள். அரபுத்தமிழ் என்போம். ஓதப் போன இடத்தில் நானும் அதைப் படித்திருந்தேன். அப்படி எழுதினால் அவர் வாசித்து விளங்கிக்கொள்வார் என்று நினைத்தேன்.

சிரிக்காதீர்கள். சிரிப்பது என்றால் சிரியுங்கள், நானே பிறகு எவ்வளவோ சிரித்துவிட்டேன். எழுத்துத் தெரிந்தால் பொருள் விளங்கிவிடுமா? ஏழு வயதிலிருந்து குர்ஆனை எழுத்துக் கூட்டி ஓதுகிறவள் நான். ஒரு ஆயத்தின் பொருளும் எனக்குத் தெரியாது. அந்த நானே இதை யோசிக்கவில்லை.

அவருடைய பெயர், வயது, நெற்றியில் இருந்த தழும்பு, தங்கியிருந்த கட்டடம், தீ, எல்லாம் எழுதினேன். 'என்ட மாப்பிள்ள உசிரோட இரிக்காரா, இல்லையா? மௌத்தாப் போயிருந்தா எரிச்சிடாம அடக்கினாங்களா? கபுறு எங்க?' என்று எழுதினேன். கடைசியில் திருகோணமலை டவுனில் தெரிந்தவர் வைத்திருந்த தொலைபேசிக் கடையின் இலக்கத்தைப் போட்டேன்.

பாதை ஏறி, அதாவது ஆட்களையும் வாகனங்களையும் அக்கரை சேர்க்கும் மிதவையில் ஏறி, டவுனுக்குப் புறப்பட்டேன். சோதனைச் சாவடியில் ஒரு சிங்கள ஆமிக்காரர் கடிதத்தை விரித்து, தலைகீழாகவும் பிடித்துப் பார்த்தார். சங்கேத எழுத்து என்று நினைத்திருக்க வேண்டும். "ஓதுற எழுத்து, மாத்தயா" என்றேன். அவருக்கு என்ன விளங்கியதோ, சட்டென்று மடித்து இரண்டு கையாலும் திருப்பித் தந்தார்.

தபால் கந்தோரில் இருந்த தமிழ் அக்காவிடம் இங்கிலீஷில் விலாசம் எழுதித் தரக் கேட்டேன்.

"தெருப் பேரும் இல்லை, இலக்கமும் இல்லை. இமாம், பள்ளிவாசல் எண்டு ஊர்ப் பேரை மட்டும் போட்டா எப்படியம்மா போய்ச் சேரும்?"

"நீங்க எழுதுங்க அக்கா. சேக்கிறவன் சேப்பான்."

அவர் என்னை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தார். பிறகு அழகான எழுத்தில் எழுதினார்.

ஷஃபான் முடிந்தது. நோன்பு பிறந்தது. ஒரு செய்தியும் இல்லை. நோன்பு திறக்க யாரும் கஞ்சி கொடுத்தனுப்பவில்லை. மாப்பிள்ளை மௌத்தாகியும் இத்தா இராமல் திரிகிறவள் என்று பெயர். "வாப்பா எப்ப வருவாரு?" என்று எங்கள் ஒரே மகள் கேட்பாள். பொய் சொல்லவும் ஏலாது, உண்மையும் தெரியாது. 'தெரியாது மகள், வா துஆக் கேப்பம்' என்பேன். இருவரும் கையேந்துவோம்.

பதினெட்டாம் நோன்பு அன்று தொலைபேசிக் கடையிலிருந்து ஆள் வந்தது. நாளை பத்து மணிக்கு ஜெர்மனி அழைப்பு. கேள்விப்பட்டு ஹனீபா காக்காவும் கூட வந்தார். மௌத்தை உறுதிப்படுத்தப் போகிறார்கள் என்றே அவர் நினைத்தார்.

மணி அடித்தது. எடுத்தேன். முன்பின் கேட்டிராத ஒரு யாழ்ப்பாணத்துக் குரல்.

"தங்கச்சி, நான் செல்வராசா. பருத்தித்துறை ஆள், சைவக்காரன். பயப்பிடாதேங்கோ. உங்கட மனுசன் உயிரோட இருக்கிறார்."

"எங்க இரிக்காரு?" என்று கத்தினேன். மற்றதெல்லாம் அவர் சொல்லச் சொல்லத்தான் தெரிந்தது.

கடிதம் அந்தப் பள்ளிக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறது. இமாம் வாசித்துப் பார்த்தார், விளங்கவில்லை. மொரோக்கோக்காரர் ஒருவரிடம் காட்டினார், அவர் 'இது அரபு இல்லை' என்றார். பாகிஸ்தான்காரர் 'உருதும் இல்லை' என்றார். அதை மூலையில் போட்டிருக்கலாம். போடவில்லை. ஒரு ஜும்ஆ முடிந்ததும் இமாம் எழுந்து, 'யாருக்காவது விளங்குகிறதா கேளுங்கள்' என்று சொல்லி, ஒலிபெருக்கியில் என் கடிதத்தை எழுத்துக் கூட்டி ஓதியிருக்கிறார். அரபில் இல்லாத எங்கள் எழுத்துகளுக்கு நாங்கள் போடும் மேலதிகப் புள்ளிகளில் தடுக்கித் தடுக்கி ஓதியிருக்கிறார்.

பள்ளிக்குள் ஒருவருக்கும் விளங்கவில்லை. பள்ளிக்கு நேர் கீழே, மேலே ஓதுவது கேட்கும்படி, ஒரு துருக்கிக்காரரின் மரக்கறிக் கடை. அங்கே பெட்டி இறக்கிக்கொண்டிருந்தவர்தான் செல்வராசா.

"மேல துருக்கிக்காரன் வாயில தமிழ் வருது, தங்கச்சி! 'என்ட மாப்பிள்ள உசிரோட இரிக்காரா' எண்டு. எனக்கு உடம்பெல்லாம் சிலிர்த்துப் போச்சு. தக்காளிப் பெட்டியோட படியேறி ஓடினனான்."

அவர் ஒவ்வொரு வரியையும் ஜெர்மன் மொழியில் சொல்ல, பள்ளியே எழுந்து நின்றதாம். செய்தியைப் பக்கத்து ஊர்ப் பள்ளிகளுக்கும் அனுப்பினார்கள். அந்த ஊர்களில் ஒன்றில், ஆஸ்பத்திரியில் துணி துவைக்கும் ஒரு பொஸ்னியப் பெண், 'எங்கள் வார்டில் ஒருவர் இருக்கிறார். கட்டிலில் எழுதியிருப்பது இந்துப் பெயர். ஆனால் நேரத்துக்கு நேரம் தலையை அசைத்துத் தொழுகிறார்' என்றாராம்.

தீயிலிருந்து ஓடும்போது என் கணவர் கையில் அகப்பட்ட யாரோ ஒருவரின் கோட்டை மாட்டிக்கொண்டு ஓடியிருக்கிறார். அதன் பையில் இருந்த பத்திரத்தைப் பார்த்து ஆஸ்பத்திரியில் அந்தப் பெயரைப் பதிந்துவிட்டார்கள். புகை குடித்துத் தொண்டை போயிற்று, பேச முடியவில்லை. இரண்டு கையும் வெந்து கட்டுப் போட்டிருந்தது, எழுதவும் முடியவில்லை. தான் யார் என்று சொல்ல வழியில்லாமல் கிடந்த மனிதர், தொழுகையை மட்டும் விடவில்லை.

பிறகு என் கணவரின் காதில் தொலைபேசியைப் பிடித்தார்கள். அப்போதுதான் மெல்லத் திரும்பிக்கொண்டிருந்த, கரகரத்த குரல்.

"நூருல்... நோன்பு புடிச்சிரிக்கியா?"

"ஓம்" என்றேன். அப்புறம் வாய் ஓயவில்லை. "இஞ்ச பாருங்க, பள்ளியில ஒங்களுக்கு மய்யித்துத் தொழுதிட்டாங்க. நான் இத்தா இரிக்கல்ல. கேட்டீங்களா? நான் இரிக்கல்ல!"

காக்காவிடம் கொடுத்தேன். அவர் "தம்பி" என்றார். சால்வையால் முகத்தை மூடிக்கொண்டு குலுங்கினார். வரும் வழியில், பாதை மிதவையில் அத்தனை பேர் பார்க்க, "என்ன மன்னிச்சிடு புள்ள" என்றார். அவர்மீது இருந்த கோபம் அந்த இடத்திலேயே போய்விட்டது. அல்ஹம்துலில்லாஹ்.

அந்த நோன்புப் பெருநாள் முடிந்த கையோடு குர்ஆனின் பொருளைப் படிக்கத் தொடங்கினேன். விளங்காத ஒரு பெண்ணின் கடிதத்துக்காக ஒரு இமாம் இவ்வளவு பாடுபட்டார் என்றால், என்னைப் படைத்தவனுடைய வேதத்தை விளங்காமல் நான் எத்தனை வருடம் வைத்திருந்தேன்! வெட்கமாக இருந்தது. இன்றும் ஒவ்வொரு நாளும் விடியற்கால ஸுபஹுத் தொழுகைக்குப் பிறகு பொருளோடுதான் ஓதுகிறேன்.

இரண்டு வருடம் கழித்து நானும் மகளும் அவரிடம் போய்ச் சேர்ந்தோம். முதல் வெள்ளிக்கிழமை அந்தப் பள்ளிக்குப் போனேன். பழைய தையல் தொழிற்சாலை அது. பெண்கள் தொழும் அறையில் துருக்கி, மொரோக்கோ, பொஸ்னியா என்று பல ஊர்ப் பெண்கள். தெருவில் முக்காட்டைப் பார்த்து ஏசுகிறார்கள், வீடு தர மறுக்கிறார்கள் என்று அவர்களுக்கும் ஆயிரம் கவலை. கடிதம் எழுதியவள் நான்தான் என்று தெரிந்ததும் கட்டிப்பிடித்தார்கள். துஆக் கேட்கும்படி சைகை காட்டினார்கள். எனக்கு அவர்கள் பாஷை ஒன்றும் வராது. கையேந்தித் தமிழில் கேட்டேன். பெட்டி இறக்கிய செல்வராசாவுக்காக, துணி துவைத்த அந்தப் பெண்ணுக்காக, ஊரில் இன்னும் காணாமல் போனவர்களைத் தேடிக்கொண்டிருக்கும் எல்லாப் பெண்களுக்காகவும் கேட்டேன்.

அவர்களுக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனாலும் ஒவ்வொரு வரிக்கும் அந்த அறை முழுவதும் சேர்ந்து ஆமீன் சொன்னது. நம்பிக்கை தளர்ந்து போயிருக்கும் என் சகோதரிகளே, நீங்களும் கேளுங்கள். ஆமீன் சொல்ல ஆட்களை அவன் எங்கேயோ வைத்திருக்கிறான்.