ஒரு விரலளவு வாய்

மடுல்கெல்லைத் தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து பறித்த என் அக்காவுக்கு வெற்றிலையாலும் புகையிலையாலும் வாய் இறுகிவிட்டது. ஒரு விரல் நுழையும் அளவுக்குத்தான் திறக்கும். இனி அதிகம் எதிர்பார்க்க வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். கண்டிக்குக் கிளினிக் வரும்போதெல்லாம் என் வீட்டில்தான் தங்குவாள். சாப்பாட்டு நேரத்தில் மட்டும் கஞ்சிக் கோப்பையோடு சுவர்ப்பக்கம் திரும்பி உட்கார்ந்துவிடுவாள். வாயோரம் வழிவதை யாரும் பார்க்கக் கூடாதாம். ஒரே தட்டில் சாப்பிட்டு வளர்ந்தவர்கள் நாங்கள். அவள் முதுகைப் பார்த்துக்கொண்டு எனக்குச் சோறு இறங்கவில்லை.

நான் ஹோட்டலில் குக்காக வேலை செய்கிறேன். காரமில்லாமல் மெத்தென்று ஏதாவது செய்து அவளை எங்கள் பக்கம் திருப்பிவிட வேண்டும் என்றுதான் லசானியாவில், மாத்தகடுகளை அடுக்கிச் சுடும் இத்தாலியச் சாப்பாட்டில், இறங்கினேன். கடையில் விற்கும் காய்ந்த தகடுகளில் எனக்கு நம்பிக்கை இல்லை. எவ்வளவு அவித்தாலும் ஓரம் விறைப்பாகவே நிற்கும். கோதுமை மாவில் முட்டை உடைத்து ஊற்றினேன்.

"ரொட்டிக்கா தம்பி?" என்று பக்கத்தில் வந்து நின்றாள் அக்கா.

"இல்லக்கா, இது வேற. அவிச்சு அடுக்குறது."

மாவை வாங்கி அவளே பிசைந்தாள். ரொட்டி தின்று பல வருசமானவள், மாவை விட மனமில்லாமல் பிசைந்துகொண்டே இருந்தாள்.

கொஞ்ச நேரம் மூடி வைத்துவிட்டு நான் தேய்த்தேன். மேசைச் சீலையின் பூ தெரியும் அளவுக்கு மெல்லிசாகத் தேய்த்தேன். உப்புத் தண்ணீரில் ஒவ்வொன்றாக அவித்து, பச்சைத் தண்ணீரில் போட்டெடுத்து, துணியில் விரித்தேன். ஹோட்டலில்கூட இவ்வளவு மெல்லிசாகப் போட்டதில்லை. கொஞ்சம் தலைக்கனம் வந்துவிட்டது. கோழியிறைச்சி, பால் சோஸ், சீஸ் என்று அடுக்கி ஓவனில் வைத்தேன்.

வெட்டித் தட்டில் வைத்தபோதுதான் புத்தி வந்தது. ஒவ்வொரு தகட்டையும் பார்த்துப் பார்த்து மெல்லிசாக்கிய மடையன், எல்லாவற்றையும் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கியிருந்தேன். துண்டு நாலு விரல் உயரம் நின்றது.

"நல்லாருக்குப்பா, நீங்க சாப்பிடுங்க" என்று சொல்லிவிட்டு, தட்டோடு சுவர்ப்பக்கம் போனாள் அக்கா.

என் மனைவி தன் துண்டின் மேல் தகட்டை மெதுவாக உரித்தெடுத்தாள். பாய் போலச் சுருட்டி வாயோரத்தில் நுழைத்தாள். சோஸ் மோவாயில் வழிந்தது. துடைக்கவில்லை.

"அண்ணி, இங்க வாங்க. இத இப்படித்தான் சாப்பிடணும்" என்றாள்.

சுத்தப் பொய். நானும் உரிக்கத் தொடங்கினேன்.

அக்கா திரும்பி எங்களை மாறி மாறிப் பார்த்தாள். அது பொய் என்று அவளுக்குத் தெரியாமலில்லை. கதிரையை எங்கள் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்து, ஒரு தகட்டைச் சுருட்டி வாய்க்குள் தள்ளினாள்.

"மொதல்ல ரெண்டு பேரும் வாயத் தொடைங்க" என்றாள், தன் வாயோரம் வழிந்ததைத் துடைக்காமலே.