பிரபுவிடம் ஒரு சிபாரிசு

நான் அறைக்குள் நுழைந்ததும் அவர் எழுந்து நிற்கப் பார்த்தார். இடுப்பெலும்பு முறிந்து, ஆப்பரேஷன் முடிந்து வந்திருந்த ஆள். "சார், சார், உட்காருங்கள்!" என்று ஓடிப்போய்ப் பிடித்தேன். ஒரு பெண் உள்ளே வரும்போது உட்கார்ந்திருந்து பழக்கமில்லை என்றார். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. எங்கள் ஊர் வார்டு கவுன்சிலர் காரை விட்டு இறங்கிப் பேசிக்கூட நான் பார்த்ததில்லை.

துபாயில் வீடு வீடாகப் போய் நோயாளிகளைப் பார்த்துக்கொள்ளும் நர்ஸ் நான். கன்னியாகுமரிக் கடற்கரையில் பிறந்தவள். அவரோ இங்கிலாந்தில் பரம்பரையாகப் 'பிரபு' பட்டம் உள்ள குடும்பம். இளம் வயதில் ராணுவ அதிகாரியாக இந்த வளைகுடாப் பாலைவனத்தில் இருந்திருக்கிறார். பிறகு அரசியலில் இறங்கி, பல வருஷம் பார்லிமென்டில் இருந்து, கொஞ்ச காலம் மந்திரியும் ஆனார். மனைவி இறந்த பிறகு, குளிர்காலம் வந்தால் துபாய்க் கடலோரத்தில் நண்பர் ஒருவரின் வில்லாவுக்கு வந்துவிடுவார். அங்கே குளியலறையில் வழுக்கி விழுந்ததால்தான் நான் அவரிடம் போனேன்.

பட்டம், மந்திரி என்றதும் தங்கத் தட்டில் சாப்பிடுவார் என்று நினைத்துக்கொண்டு போனவள் நான். ஆனால் அவர் போட்டிருந்தது முழங்கையில் ஒட்டுப்போட்ட ஸ்வெட்டர். காலையில் அரைவேக்காட்டு முட்டை, கருகின ரொட்டி. வலியில் முகம் வெளுத்துப்போனாலும் ஒரு 'ஆ' வெளியே வராது. நான் படுக்கையை விரித்தால் திருப்தியிருக்காது. வாக்கரைப் பிடித்துக்கொண்டு, ஒற்றைக் கையால் விரிப்பின் மூலைகளை இழுத்து இழுத்துச் செருகுவார். ராணுவத்தில் பழகினீர்களா என்று கேட்டேன். "அதற்கும் ரொம்ப முன்னால்" என்றார்.

எனக்கு அவரிடம் ஒரு காரியம் ஆகவேண்டியிருந்தது. இங்கிலாந்தில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை கிட்டத்தட்ட கைக்கு வந்துவிட்டது. ஆனால் அந்த வேலைக்குப் போகிறவர்கள் புருஷனையோ பிள்ளையையோ கூட்டிப்போக முடியாது என்று அங்கே சட்டம். எனக்கு ஒரே மகள். துபாயில் கராமா பகுதியில் பலகை வைத்துத் தடுத்த அறையில், எனக்கும் என் கணவருக்கும் நடுவில், என் நைட்டியைப் பிடித்துக்கொண்டுதான் தூங்குவாள். அவளை விட்டுவிட்டு நான் எப்படிப் போவேன்?

கணவர் ஏசி மெக்கானிக். தினமும் நச்சரித்தார். "எட்டி, மந்திரியா இருந்த ஆளு. ஒரு வார்த்த சொன்னா நடக்காதா? கேட்டுப் பாரு" என்பார். நானும் நம்பினேன். ஸ்கூல் அட்மிஷனோ கரண்ட் கனெக்‌ஷனோ, பெரிய மனிதர் ஒருவர் போன் போட்டால் நடந்துவிடும் என்று பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். லண்டன் பார்லிமென்டும் நம் தாலுகா ஆபீஸ் மாதிரிதான் இருக்கும் என்று எங்கள் புத்திக்குத் தோன்றியது.

ஒருநாள் கட்டு மாற்றிக்கொண்டே கேட்டுவிட்டேன். முழுவதையும் கவனமாகக் கேட்டார். பிறகு சொன்னார்: "அந்தச் சட்டம் வேண்டும் என்று பேசியவர்களில் நானும் ஒருவன்."

அவர் குரலில் வெட்கமும் இல்லை, கோபமும் இல்லை. எதிரே நிற்பவள் எதற்காகக் கேட்கிறாள் என்று தெரிந்தும் ஒரு மனிதர் முகத்துக்கு நேரே இப்படிச் சொல்வாரா? வேலைக்கு ஆட்கள் தேவைதான், குடும்பங்களுக்கெல்லாம் எங்கே இடம் என்றார். அப்புறம், "மகளுக்கு என்ன வயது?" என்று கேட்டார்.

"ஏழு, சார்."

அவர் முகம் மலர்ந்துவிட்டது. "ஏழா? அப்படியானால் கவலையே இல்லை!"

மறுநாள் நான் போவதற்குள் எல்லாம் பேசி முடித்துவிட்டிருந்தார். ஊட்டிப் பக்கம் ஒரு போர்டிங் ஸ்கூல். அதன் நிர்வாகத்தில் அவருடைய பழைய பட்டாள நண்பர் ஒருவர். இடம் தயார், படிப்பு முடியும்வரை செலவு இவருடையது. ஏழு வயதில்தான் இவரையும் இங்கிலாந்தில் இப்படி ஒரு போர்டிங் ஸ்கூலுக்கு அனுப்பினார்களாம். இவருடைய அப்பாவையும் தாத்தாவையும் அதே வயதில், அதே பள்ளிக்கு. படுக்கை விரிக்கக் கற்றது அங்கேதானாம். "இனி நீ நிம்மதியாக இங்கிலாந்து போகலாம்" என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

கேலி செய்கிறாரோ என்று முகத்தைப் பார்த்தேன். இல்லை. பெரிய நல்லது ஒன்றைச் செய்துவிட்ட சந்தோஷம் மட்டும்தான் இருந்தது. என் வாய் பழக்கத்தில் "தேங்க் யூ, சார்" என்றது.

வீட்டுக்கு வந்து சொன்னேன். என் கணவர் கட்டிலை விட்டுத் துள்ளி எழுந்தார்.

"ஊட்டி ஸ்கூலா? சும்மாவா? மாதாவாப் பாத்து வழி தொறந்திருக்கா! சரின்னு சொல்லிட்டேல்லா?"

"பிள்ளைய அனுப்பச் சொல்லுகாரு. ஒங்களுக்குப் புரியுதா இல்லியா?"

"எல்லாம் புரியுது. கலெக்டர் பிள்ளையளு படிக்கிற எடம்டி அது. லீவுக்கு வருவால்லா?"

வெள்ளைக்காரர் சொன்னதைக்கூடத் தாங்கிக்கொண்டேன். பெற்ற தகப்பன் சொல்கிறார்! ஹோம்வொர்க் எழுதிக்கொண்டிருந்த மகள் பென்சிலைக் கீழே வைத்துவிட்டு எங்களை மாறி மாறிப் பார்த்தாள். "மம்மி, வேர் ஆம் ஐ கோயிங்?" என்றாள்.

"எங்கயும் இல்ல, மக்ளே" என்றேன். கணவர் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

காலையில் போய், "வேண்டாம், சார்" என்றேன். இப்போது அதிர்ச்சி அவருக்கு. பள்ளி பிடிக்கவில்லையா, வேறு பள்ளி பார்க்கட்டுமா என்றார். பள்ளியும் வேண்டாம், இங்கிலாந்தும் வேண்டாம், அவள் என்னோடு இருக்கட்டும் என்றேன். இது முட்டாள்தனம், பிள்ளையின் எதிர்காலத்தைக் கெடுக்கிறாய் என்றார். எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. நோயாளியிடம் கேட்கக்கூடாததைக் கேட்டுவிட்டேன்.

"முதல் நாள் உங்களை அங்கே விட்டுவிட்டுத் திரும்பும்போது உங்கள் அம்மா அழவில்லையா, சார்?"

"அம்மா வரவில்லை. டிரைவர்தான் கொண்டுபோய் விட்டார்" என்றார், வெகு சாதாரணமாக.

இந்த மனிதர்மேல் இருந்த கோபத்தை இனி எங்கே கொண்டுபோய் வைப்பது என்று தெரியவில்லை. மாத்திரையை எடுத்துக் கொடுத்தேன். விழுங்கிவிட்டு, டம்ளரைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டே கேட்டார்.

"உன் மகளை யார் பள்ளிக்கு அனுப்புவது?"

"நான்தான், சார். தலை பின்னிவிட்டு, கீழே போய் பஸ்ஸில் ஏற்றிவிட்டு, பஸ் தெருமுனை திரும்பும்வரை நின்று டாட்டா காட்டிவிட்டுத்தான் டூட்டிக்கு வருவேன்."

"தினமுமா?"

"தினமும், சார்."

ஒரு நாட்டுக்கே சட்டம் பேசிய மனிதர், அந்த ஒரு வார்த்தை விளங்காதவர்போல என் முகத்தைப் பார்த்து மறுபடி கேட்டார்.

"தினமுமா?"