பாடாமல் விட்ட கடைசிப் பாட்டு

பூந்தமல்லியில் எங்கள் வீட்டுக்கு அடியில் ஒரு நகரம் இருப்பதாகச் சிறுவயதில் நானும் என் தங்கையும் கற்பனை செய்துகொண்டோம். சித்தர் ஒருவர் பதிகம் பாடியே அதை எழுப்பினார். பதிகம் முடிந்தால் நகரம் கரைந்துவிடும் என்பது அதன் வரலாறு. ஆகவே மாலைப் பூசையில் அந்தப் பதிகத்தைப் பாடும்போது இருவரும் கடைசிப் பாட்டைப் பாடாமலே எழுந்துவிடுவோம். காய்ச்சலில் கிடந்த தங்கை, "நான் அங்கதாண்ணா போறேன். நீ பாட்ட முடிச்சிடாதே" என்றாள். அவள் பிழைக்கவில்லை.

பாடுவோர்க்கு வீடுபேறு உண்டென்று சொல்லும் பாட்டு அதுதான். இந்த முதுமைவரை அதை நான் பாடியதில்லை. "இன்னா மாமா, கடைசிப் பாட்டுன்னா மட்டும் தொண்டை கட்டிக்குதா?" என்று மருமகள் கேலி செய்வாள்.

இப்போது தெருமுனையில் மெட்ரோ தூணுக்காக ஆழத் துளையிடுகிறார்கள். பூசை விளக்கின் சுடர் நடுங்குகிறது. அந்தத் துளை தங்கையைத் தொடுமுன் நானே பாட்டை முடித்து அவளை விடுவித்துவிடலாம் என்று நேற்று மாலை துணிந்தேன். கடைசிப் பாட்டின் முதற்சொல்லை எடுத்ததும் வெளியே இயந்திரம் நின்றது. அந்த அமைதியில், தரைக்கடியிலிருந்து மெல்லிய குரலொன்று பதிகத்தை முதலிலிருந்து அவசரமாகத் தொடங்கியது.

நானும் அதனோடு சேர்ந்துகொண்டேன்.